விழுவோர் நலத் திட்டம்

நகராட்சி அலுவலக வாசலில் மக்கள் வழுக்கி விழுவது வெகுகாலமாக, யாருடைய ஆட்சேபணையும் இல்லாமல் நடந்துவந்த காரியம். வரி கட்ட வந்தவர் விழுவார். பிறப்புச் சான்றிதழ் வாங்க வந்தவர் விழுவார். விழுந்தவரைத் தூக்கிவிட ஓடி வந்தவரும் விழுவார். எழுந்து, பின்பக்கத்தைத் தட்டிக்கொண்டு, யாராவது பார்த்தார்களா என்று சுற்றிலும் ஒரு நோட்டம் விட்டு, உள்ளே போய்விடுவார்கள். உள்ளே தங்களுக்கு நடக்கப்போவதை நினைத்தால் வாசலில் நடந்தது ஒன்றுமே இல்லை என்பதால் ஒருவரும் புகார் சொன்னதில்லை.

அப்படி இருக்கையில் ஒரு திங்கட்கிழமை காலை ஆணையர் விழுந்தார்.

அன்று பிற்பகலே அவசரக் கூட்டம் கூடியது. ஆணையர் மெத்தை போட்ட நாற்காலியில் ஒரு பக்கமாகச் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். எதிரே நின்றவர்களில் நமக்கு வேண்டியவர் உதவிப் பொறியாளர். பூங்காவும் நடைபாதையும் அவர் பொறுப்பு. நல்ல மனிதர்தான். யார் என்ன சொன்னாலும் முதலில் தலையாட்டிவிட்டு, அது என்ன என்று அப்புறம் யோசிப்பார். வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை.

"வாசல் ஏன் வழுக்குது?" என்றார் ஆணையர்.

"கேட்டுக்குப் பக்கத்துல குழாய் ஒழுகுது சார். தண்ணி பரவி, கல்லெல்லாம் பாசி பிடிச்சிருக்கு."

"அடைக்க வேண்டியதுதானே?"

"குழாய் குடிநீர் வாரியத்தோடது சார். நாம தொடக்கூடாது."

"தண்ணி?"

"குழாய்க்குள்ள இருக்கற வரைக்கும் அவங்களோடது. வெளிய வந்துட்டா யாரோடதுன்னு இன்னும் முடிவாகல சார்."

"விழறவங்க?"

"அவங்க நம்ம ஆளுங்க சார். நம்ம எல்லைக்குள்ளதான் விழறாங்க."

ஆணையர் கண்ணை மூடி யோசித்தார். தண்ணீரை நிறுத்த அதிகாரம் இல்லை. மக்களை நிறுத்த அதிகாரம் உண்டு. ஆனால் மக்களே வராவிட்டால் அலுவலகம் எதற்கு என்று யாராவது விவகாரமாகக் கேட்டுவைப்பார்கள். மிச்சம் இருப்பது தரை ஒன்றுதான்.

"தரையை மெத்துன்னு ஆக்கிடுவோம்," என்றார்.

ஆணையர் சமீபத்தில் ஆய்வுப் பயணமாக வெளிநாடு போய் வந்திருந்தார். பழைய டயர்களை அரைத்துச் செய்த ரப்பர் கற்களை அங்கே பூங்காவில் பதித்திருந்தார்களாம். குழந்தைகள் அதில் விழுந்து, சிரித்துக்கொண்டே எழுந்தார்களாம். நம் மக்களும் ஏன் சிரித்துக்கொண்டே எழக்கூடாது என்று ஆணையர் கேட்டார். பொறியாளர் தலையாட்டினார்.

"இது மறுசுழற்சி. உலகமே இப்ப இதைத்தான் பேசுது," என்று ஆணையர் முடித்தார். "சரியா வரலன்னா உங்களைக் கழிவுநீர்ப் பிரிவுக்கு மாத்திடுவேன்."

அந்த வாரம் முழுக்க அலுவலகத்தில் மறுசுழற்சியே பேச்சாக இருந்தது. கேண்டீனில் காலையில் போட்ட டீயை மாலையில் சுடவைத்துக் கொடுத்துவிட்டு மறுசுழற்சி என்றார்கள். ஓய்வுபெற்ற கண்காணிப்பாளரை மறுபடி வேலைக்கு எடுத்தபோதும் அதே சொல்தான். தலைமை எழுத்தர் பழைய கோப்பின் அட்டையைக் கிழித்துப் புதுக் கோப்புக்குப் போட்டுவிட்டு, பூமியைக் காப்பாற்றிய களைப்பில் அரை நாள் விடுப்பு எடுத்துக்கொண்டார்.

வீட்டில் பொறியாளரின் மனைவி தையல் இயந்திரத்தின் முன்னால் உட்கார்ந்திருந்தாள். அக்கம்பக்கத்துக்குத் துணி தைத்துக் கொடுப்பவள். கணவர் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, வாயில் கவ்வியிருந்த ஊசியை எடுத்தாள்.

"ஏங்க, அந்தக் குழாய்ல ஒரு வாஷர் மாத்தினா போதாதா?"

"உனக்கு நிர்வாகம் புரியாது."

"நிர்வாகம் புரியாது. குழாய் புரியுது."

அறை மூலையில் சோபாவில் படுத்திருந்த அவள் தம்பி சிரித்தான். ஒரு காலத்தில் பேர்போன கோல் கீப்பர். ஊரே அவனைக் கீப்பர் என்றுதான் கூப்பிடும். அணி கலைந்த பிறகு வேறு எந்த வேலைக்கும் அவன் உடம்பு வளையவில்லை. அக்காள் வீட்டு சோபாவைக் காவல் காத்துவந்தான்.

ரப்பர் கற்கள் லாரியில் வந்து இறங்கின. கறுப்பும் சிவப்புமாகப் புள்ளி போட்ட தடித்த சதுரங்கள். மோந்தால் டயர் கடை வாசனை. கட்டோடு வந்த குறிப்புப் புத்தகத்தை ஒப்பந்தக்காரரும் பொறியாளரும் தலையோடு தலை முட்ட நின்று படித்தார்கள். பழைய கல்லைப் பெயர்க்க வேண்டும். ஜல்லி கொட்டி இடித்துக் கெட்டியாக்க வேண்டும். தண்ணீர் ஓட வாட்டம் விட வேண்டும். வெயிலில் ரப்பர் உப்பும், ஆகவே ஓரத்தில் இடைவெளி விட வேண்டும். எல்லாம் நியாயமாகத்தான் இருந்தது. கடைசியில் கொட்டை எழுத்தில் ஒரு வரி: தரை முழுக்கக் காய்ந்திருக்க வேண்டும்.

இருவரும் தரையைப் பார்த்தார்கள். தரை மினுமினுத்தது.

"என்ன சார் பண்றது? ஜல்லியைக் கொட்டக் கொட்ட சேறு முழுங்குது," என்றார் ஒப்பந்தக்காரர்.

பொறியாளர் ஆணையருக்குப் போன் போட்டார்.

"சார், தரை ஈரமா இருக்கு."

"யாரோட ஈரம்?"

"வாரியத்தோடது சார்."

"வாரியத்தோட ஈரத்தை நம்ம கணக்குல ஏத்தலாமா?"

"கூடாது சார்."

"அப்போ நம்ம கணக்குப்படி தரை எப்படி இருக்கு?"

பொறியாளர் மறுபடி தரையைப் பார்த்தார். ஒரு தவளை தாண்டிப் போனது.

"காய்ஞ்சிருக்கு சார்."

"போடுங்க."

போட்டார்கள். தரை காய்ந்திருப்பதாகப் பொறியாளர் கையெழுத்துப் போட்டபோது காகிதத்தின் கீழ் ஓரம் நனைந்திருந்தது. வாட்டம் விட்டார்கள்; எந்தப் பக்கம் என்பதில் மட்டும் கொஞ்சம் குழப்பம். தண்ணீர் அலுவலகப் படியை நோக்கி வந்தது. ஓரத்தில் இடைவெளி விடச் சொன்னபோது ஒப்பந்தக்காரர், "இவ்வளவு அழகான வேலையில ஓட்டை விடச் சொல்றீங்களே சார்," என்று மனம் வருந்தி அதையும் அடைத்துவிட்டார். அடுத்த நாள் உச்சி வெயிலில் ரப்பர் உப்பி, நடுவில் ஒட்டகத் திமில் மாதிரி எழும்பியது. ஆணையர் வந்து பார்த்தார். அதற்கு ஓய்வு மேடு என்று பெயர் வைத்து, பக்கத்தில் பலகை நட உத்தரவிட்டார்.

திறப்பு விழாவில் அவர் ரிப்பனை வெட்டி, "இனி நம் மக்கள் தலைநிமிர்ந்து விழலாம்," என்று அறிவித்தார். கைதட்டல் நிற்க வெகுநேரம் ஆயிற்று.

அதற்கப்புறம் நடந்ததை யாரும் எதிர்பார்க்கவில்லை. ஒருவரும் விழவில்லை.

ரப்பர் காலைக் கவ்விப் பிடித்தது. அடியில் தண்ணீர் தேங்கி, காலை வைத்தால் புளிச் புளிச் என்று சத்தம் வந்ததே தவிர வழுக்கவில்லை. அந்தச் சத்தம் எழுத்தர்களுக்கும் உபயோகமாக இருந்தது. கேட்டவுடனே, யாரோ மனுவோடு வருகிறார்கள் என்று தெரிந்துகொண்டு டீ குடிக்கக் கிளம்பிவிடுவார்கள். ஒருநாள் கைத்தடி ஊன்றிய ஒரு பெரியவர் தடுமாறாமல் வாசலைக் கடந்து போவதைப் பொறியாளர் மாடி ஜன்னலிலிருந்து பார்த்தார். நெஞ்சுக்குள் ஏதோ இதமாக இருந்தது. வேலைக்குச் சேர்ந்த நாளாக அப்படி இருந்ததில்லை என்பதால் உடம்புக்கு ஏதாவது வந்துவிட்டதோ என்று கொஞ்சம் பயந்தார்.

பிறகு மதிப்பீட்டு அதிகாரி வந்தார். மரியாதையான அம்மாள். குரலை உயர்த்தாமலே ஆளைக் கவிழ்க்கக்கூடியவர்.

"இந்தத் திட்டத்தோட நோக்கம் என்ன சார்?"

"விழறவங்களை அடிபடாம காப்பாத்தறது மேடம்."

"இதுவரைக்கும் எத்தனை பேரைக் காப்பாத்தியிருக்கீங்க?"

"யாருமே விழல மேடம்," என்றார் பொறியாளர் பெருமையாக.

"அப்போ யாரையும் காப்பாத்தல."

"விழாம இருக்காங்களே மேடம். அதுவே ஒரு..."

"அது வேற திட்டம் சார். விழாமல் இருப்போர் நலம் வேற துறையில வருது. நீங்க விழுவோர் நலம். உங்களுக்குப் பயனாளியே இல்லையே? பயனாளி இல்லாத திட்டத்தைப் பெயர்த்து எடுக்கச் சொல்லி எழுதறதைத் தவிர எனக்கு வேற வழி இல்லை. அடுத்த மாசம் மறுபடி வரேன்."

அவர் போனதும் ஆணையர் பொறியாளரைக் கூப்பிட்டார். "அந்தம்மா வர்றதுக்குள்ள ஜனங்க விழணும். இல்லன்னா கழிவுநீர்."

பொறியாளர் முதலில் கடைநிலை ஊழியர்களிடம் போனார். அவர்களுடைய சங்கத் தலைவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டு தலையசைத்தார். "விழறது எங்க வேலை விதியில இல்ல சார். ஏற்கெனவே கீழதான் இருக்கோம். இதுக்குக் கீழ எங்க விழறது? மேல இருக்கறவங்களைக் கேளுங்க."

மேலே இருப்பவர்களைக் கேட்கும் துணிச்சல் பொறியாளருக்கு இல்லை. வாடிய முகத்தோடு வீட்டுக்கு வந்தார். சோபாவைப் பார்த்தார். அதன் மேல் கிடந்த மச்சினனைப் பார்த்தார்.

"மாப்ள, உனக்கு ஒரு வேலை இருக்கு."

"என்ன வேலை மாமா?" கீப்பர் கண்ணைத் திறக்கவில்லை.

"விழணும்."

இப்போது கண் திறந்தது. "எந்தப் பக்கமா?"

தையல் இயந்திரம் நின்றது. "என் தம்பியைத் தெருவுல விழ வைக்கவா உங்களுக்கு என்னைக் கட்டிக் குடுத்தாங்க?"

"தெருவுல இல்லம்மா, அலுவலக வாசல்ல. இப்பவும் படுத்தேதானே கிடக்கான்? இதுவும் அதே வேலைதான். நடுநடுவுல கொஞ்சம் எழுந்து நிக்கணும், அவ்வளவுதான்."

"அந்தக் குழாயை அடைக்கறதுக்கு இவ்வளவு பாடா?"

"அக்கா, சும்மா இரு," என்றான் கீப்பர். அவன் உட்கார்ந்திருந்தான். வெகுநாள் கழித்து அவன் முகத்தில் வெளிச்சம் தெரிந்தது.

மறுநாள் காலை அவன் 'தரைப் பாதுகாப்புச் செயல்முறை விளக்குநர்' என்ற பதவியில் தற்காலிகமாக அமர்ந்தான், உடனே விழுந்தான். ஓய்வு மேட்டில் கால் தட்டிக் காற்றில் நீண்டு, பந்தைப் பாய்ந்து பிடிக்கிற மாதிரி தோளில் இறங்கி, ஒரு புரள் புரண்டு எழுந்து நின்றான். வரிசையில் நின்றவர்கள் தங்களை அறியாமல் கைதட்டினார்கள். மதியம் இடப்பக்கமாக விழுந்தான். மாலையில் பின்பக்கமாக. மறுநாள் அவன் விழுவதைப் பார்க்கவே கூட்டம் வந்தது.

கூட்டத்தில் ஒரு வீடு கட்டுபவர் இருந்தார். வரைபட அனுமதிக்காக நடந்து நடந்து செருப்பும் பொறுமையும் தேய்ந்தவர். அன்றைக்கும் 'நாளைக்கு வாங்க' என்ற பதிலை வாங்கிக்கொண்டு வெளியே வந்து, ஆத்திரத்தில் தொப்பென்று ரப்பரில் விழுந்தார். விழுந்தவர் எழவில்லை. ஆளுக்கு ஏதாவது ஆகிவிட்டதோ என்று பொறியாளர் பதறி ஓடினார்.

"ஐயா, அடிபட்டுதா?"

"இல்ல சார்," என்றார் அவர் வானத்தைப் பார்த்தபடி. "இந்த ஆபீஸ்ல முதல்தடவையா இதமா இருக்கு. கொஞ்ச நேரம் விடுங்க."

அவர் எழுந்து, வரைபடத்தைப் பற்றி மூச்சுவிடாமல், சிரித்த முகத்தோடு வீட்டுக்குப் போனார். அடுத்த நாள் மனைவியையும் அழைத்துவந்தார்.

பிறகு யாராலும் தடுக்க முடியவில்லை. மனுவோடு வந்தவர்கள் மனுவைத் தலைக்கு வைத்துக்கொண்டு விழுந்தார்கள். ஓர் உடற்பயிற்சி ஆசிரியை வந்து, மனித இனம் எழுந்து நின்றதுதான் எல்லா நோய்க்கும் மூலம் என்று கண்டுபிடித்துச் சொல்லி, காலை வகுப்பு ஆரம்பித்தார். வசதியானவர்கள் கார்களில் வந்து இறங்கி விழுந்துவிட்டுப் போனார்கள். கல்யாண வீடுகளில், "நீங்க இன்னும் விழலையா?" என்று ஒருவரை ஒருவர் பரிதாபமாகக் கேட்டுக்கொண்டார்கள். "எங்க வீட்டுக்காரருக்குக் காலையில ஒரு தடவை விழலன்னா அன்னிக்கு ஒண்ணுமே ஓடாது," என்று பெண்கள் அலுத்துக்கொள்வதுபோல் பெருமைப்பட்டார்கள். பக்கத்துத் தெருவில் பள்ளத்தில் நிஜமாகவே கால் தடுக்கி விழுந்த ஒருவரைப் பார்த்து, "பயிற்சி இல்லாம விழறான் பாரு," என்று ஊரே முகம் சுளித்தது.

விழுவதற்கு ஏற்ற உடை கடைகளில் இல்லை. கீப்பருக்கு அக்காள் தைத்துக் கொடுத்த கால்சட்டையில் பின்பக்கத்திலும் முட்டியிலும் பஞ்சு வைத்திருந்தது. அதைப் பார்த்த ஆசிரியை தனக்கு ஒன்று கேட்டார். வகுப்பு முழுதும் கேட்டது. கொஞ்ச நாளில் வீட்டில் இன்னொரு தையல் இயந்திரம் வந்தது. உதவிக்கு இரண்டு பெண்கள் வந்தார்கள். பொறியாளருக்குச் சாப்பாடு எடுத்து வைக்க மட்டும் ஆள் இல்லை.

மதிப்பீட்டு அதிகாரி சொன்னபடி மறுபடி வந்தார். வாசலில் கிடந்தவர்களை மிதிக்காமல் உள்ளே வரவே அவருக்கு வெகுநேரம் ஆயிற்று.

"இவ்வளவு பயனாளிகளா! ரொம்ப சந்தோஷம் சார். ஆனா ஏன் விழறாங்க? காரணம்னு ஒண்ணு எழுதணுமே."

ஆசைப்பட்டு விழுகிறார்கள் என்று அரசாங்கக் காகிதத்தில் எழுத முடியாது. பொறியாளர் ஜன்னல் வழியாக வாசலைப் பார்த்தார். "தரை ஈரமா இருக்கு மேடம்."

"காய்ஞ்சிருக்குன்னு நீங்களே கையெழுத்துப் போட்டிருக்கீங்களே?"

ஆணையர் குறுக்கே வந்தார். "போடும்போது காய்ஞ்சிருந்தது மேடம். அப்புறம் படிப்படியா ஈரமாச்சு. எல்லாம் திட்டம் வந்த பிறகு ஏற்பட்ட வளர்ச்சி."

வளர்ச்சி என்ற சொல்லைக் கேட்டதும் அதிகாரியின் முகம் மலர்ந்தது. அப்படியே எழுதிக்கொண்டார். நகர் முழுவதும் ரப்பர் பதிக்க ஒப்புதல் வந்தது. ஆணையருக்கு விருது என்று பேச்சு அடிபட்டது. பொறியாளர் வேலை நிரந்தரமாகும் என்றார்கள். கீப்பருக்கும் அப்படியே, அவனுக்குப் பெண் கொடுக்கக்கூட இரண்டு வீட்டார் முன்வந்தார்கள்.

ஒரே ஒரு விஷயம்தான் யாரும் யோசிக்காதது. இத்தனை வருஷம் வாசலில் இருந்தது வெறும் ஈரம். இப்போது அதிகாரி கையெழுத்துப் போட்டதால் அது அங்கீகரிக்கப்பட்ட ஈரமாகிவிட்டது. அங்கீகரிக்கப்பட்ட ஈரம் விதிப்படி தானாகவே குடிநீர் வாரியத்துக்குத் தெரிவிக்கப்படும். தெரிவிக்கப்பட்டது. வாரியம் அந்த ஒரு தடவை, ஏதோ தவறு நடந்து, உடனே ஆளை அனுப்பிவிட்டது.

காலை வகுப்பு நடந்துகொண்டிருந்தபோது குழாய்க்காரர் சைக்கிளில் வந்து இறங்கினார். தோளில் பை, கையில் ஸ்பேனர். "எங்கங்க ஒழுகுது? சீக்கிரம் காட்டுங்க. ஒரு வாஷர் வேலைதான், இதோ முடிச்சிடறேன்."

படுத்திருந்தவர்கள் தலையைத் தூக்கிப் பார்த்தார்கள்.

பொறியாளரின் மூளை அன்றைக்கு வழக்கத்துக்கு மாறாக வேகமாக ஓடியது. ஒழுக்கு நின்றால் தரை காயும். காய்ந்தால் விழக் காரணம் இல்லை. காரணம் இல்லையென்றால் பயனாளி இல்லை. பயனாளி இல்லையென்றால் ரப்பரைப் பெயர்ப்பார்கள். அதற்கப்புறம் கழிவுநீர். அவர் போய்க் குழாயின் முன்னால் நின்றுகொண்டார். ஆணையர் மாடியிலிருந்து மூச்சுவாங்க இறங்கி வந்து அவர் பக்கத்தில் நின்றார். ஆசிரியை நின்றார். வீடு கட்டுபவர், இப்போது வீடே கட்டாதவர், கையை விரித்து மறித்தார்.

"இது திட்டத்துக்கு உட்பட்ட ஈரம். முன்அனுமதி இல்லாம கை வைக்கக்கூடாது," என்றார் ஆணையர்.

குழாய்க்காரருக்கு ஒன்றும் விளங்கவில்லை. நியாயம் தெரிந்த முகம் ஒன்றாவது இருக்குமா என்று கூட்டத்தில் தேடினார். தைத்த கால்சட்டைகளை மூட்டையாகக் கட்டி எடுத்துக்கொண்டு அப்போதுதான் வந்து சேர்ந்திருந்த பொறியாளரின் மனைவி கண்ணில் பட்டாள்.

"அம்மா, நீங்களாவது சொல்லுங்க. ஒழுகற குழாயை அடைக்கறது தப்பா?"

பொறியாளரும் மனைவியைப் பார்த்தார். அவள் என்ன சொல்வாள் என்பது அவருக்குத் தெரியும். ஆரம்பத்திலிருந்து அதையேதான் சொல்லி வருகிறாள். சொல்லிவிட்டால் கழிவுநீர்தான். அதே சமயம், சொல்லித் தொலைக்கட்டும், இதோடு முடியட்டும் என்று மனதின் ஏதோ ஒரு மூலை ஆசைப்பட்டது.

அவள் குழாயைப் பார்த்தாள். புதுக் கால்சட்டையில் மிடுக்காக நிற்கும் தம்பியைப் பார்த்தாள். கையிலிருந்த மூட்டையைப் பார்த்தாள்.

"இப்ப வேண்டாம் அண்ணா," என்றாள் மெதுவாக. "ஆர்டர் நிறைய இருக்கு."

பொறியாளர் பெருமூச்சு விட்டார். அது நிம்மதியா வேறு ஏதாவதா என்று அவருக்கே சரியாகத் தெரியவில்லை. பழக்கதோஷத்தில் தலையாட்டினார்.

குழாய்க்காரர் ஓய்வு மேட்டில் உட்கார்ந்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். வகுப்பு மறுபடி தொடங்கியது. ஒவ்வொருவராக விழுவதை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் எழுந்து பொறியாளரிடம் வந்து, குரலைத் தாழ்த்தி, "சார், இதுக்கு இன்னும் ஆள் எடுக்கறீங்களா?" என்றார்.

"அனுபவம் உண்டா?"

"இந்த வாசல்லயே எத்தனையோ தடவை விழுந்திருக்கேன் சார்."

"ரப்பர் போட்டப்புறமா?"

"முன்னாடி. கல்லா இருந்தப்போ."

"அது செல்லாது. எங்க, ஒரு தடவை விழுந்து காட்டுங்க."

குழாய்க்காரர் பையையும் ஸ்பேனரையும் ஓரமாக வைத்துவிட்டு, கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு விழுந்தார். விழுகிறபோது பயத்தில் கை தானாக முன்னால் போய் ஊன்றிக்கொண்டது. கீப்பர் குனிந்து அவரைத் தூக்கிவிட்டான்.

"கையை ஊனக்கூடாது அண்ணா," என்றான் கனிவாக. "இவங்க எல்லாரையும் பாருங்க. முழுசா நம்பி விழணும்."